லோக்கல் செயினோடு மெட்டாமாஸ்க்: பெருமாள்புரம் மாடி வகுப்பிலிருந்து ஒரு மதிப்புரை

பிளாக்செயின் கணக்கின் சாவிகளை வைத்துக்கொண்டு பரிவர்த்தனைகளுக்குக் கையெழுத்திடுகிற மெட்டாமாஸ்க் வாலட்டைப் பற்றி வருகிற மதிப்புரைகள் பெரும்பாலும் காயின் வாங்கி விற்கிறவர்களுக்காக எழுதப்பட்டவை. கட்டணம் எவ்வளவு, பாதுகாப்பு எப்படி, எந்தெந்த டோக்கன் கிடைக்கும் என்று போகும். நான் எழுதுவது வேறு ஆட்களுக்கு. சொந்தக் கம்ப்யூட்டரில் ஒரு லோக்கல் பிளாக்செயினை ஓடவிட்டு, தான் எழுதிய ஸ்மார்ட் கான்ட்ராக்ட் (செயினில் ஏற்றி ஓட்டுகிற நிரல்) வேலை செய்கிறதா என்று பார்க்கிற மாணவர்களுக்கும், அவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கிறவர்களுக்கும்.

பாளையங்கோட்டை பெருமாள்புரத்தில் ஒரு மாடி அறையில் சாயங்கால வகுப்பு எடுக்கிறேன். இன்ஜினியரிங் கல்லூரிப் பிள்ளைகள்தான் அதிகம், வேலைக்குப் போய்க்கொண்டே படிக்கிறவர்களும் உண்டு. எல்லார் மடிக்கணினியிலும் லோக்கல் செயினை ஓட்டுகிற ஹார்ட்ஹாட் கருவி, பிரவுசரில் மெட்டாமாஸ்க் எக்ஸ்டென்ஷன். இப்போதைய செய்முறை பத்தமடைப் பாய்க்கு ஒரு பதிவேடு. கோரைப் பட்டுப்பாய் ஒவ்வொன்றுக்கும் ஓர் எண், நெய்தவர் யார், எத்தனை இழை, கல்யாணப் பாயாக இருந்தால் அதில் நெய்த மாப்பிள்ளை பெண் பெயர், இதெல்லாம் கான்ட்ராக்ட்டில் ஏறும். பிறகு பாய் கை மாறும்போது உரிமையும் மாறும். சின்ன வேலைதான். ஆனால் வாலட்டில் வரக்கூடிய சிக்கல் அத்தனையும் இதற்குள்ளேயே வந்துவிடும்.

முதலில் என் தீர்ப்பு: வாலட் நல்ல வாலட். கற்றுக்கொள்கிறவர்கள் இதில் தொடங்குவதுதான் சரி. பிற்காலத்தில் உங்கள் செயலியைத் திறக்கப்போகிறவர்களில் பெரும்பாலானோர் கையில் இருப்பதும் இதுதான். 2016-இல் வந்தது. கன்சென்சிஸ் நிறுவனத்தின் தயாரிப்பு, இலவசம். ஆனால் லோக்கல் செயினோடு சேர்த்தால் படுத்தும். அதற்குப் பெரும்பாலும் ஒரே காரணம்தான். வாலட்டுக்கு ஞாபகம் உண்டு, லோக்கல் செயினுக்கு ஞாபகம் கிடையாது. இதைப் புரிந்துகொண்டவருக்கு இந்த வாலட் கடைசி வரை துணை நிற்கும். புரியாதவர் ஒரு வாரத்தில் பிளாக்செயினே வேண்டாம் என்று போய்விடுவார். அப்படிப் போன பிள்ளைகளைப் பார்த்திருக்கிறேன். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

இணைப்பிலிருந்து தொடங்குவோம். ஹார்ட்ஹாட் நோடை, அதாவது செயினை நடத்துகிற நிரலை, ஓட்டினால் அது 127.0.0.1 முகவரியில் (அதே கம்ப்யூட்டர்தான்) 8545-ஆம் போர்ட்டில் காத்திருக்கும். திரையில் 20 கணக்குகளும் அவற்றின் பிரைவேட் கீயும் (கணக்கின் ரகசியச் சாவி) வரிசையாக வரும், ஒவ்வொரு கணக்கிலும் 10,000 ஈதர். ஈதர் என்பது எத்தீரியம் பிளாக்செயினின் நாணயம். ஃபவுண்டரி என்ற இன்னொரு கருவித் தொகுப்பில் உள்ள அன்வில் நோட் என்றால் 10 கணக்குகள், தொகை அதேதான். வாலட்டில் புது நெட்வொர்க் சேர்க்கும்போது இந்த முகவரி, போர்ட், செயின் ஐடி (செயினின் அடையாள எண்) மூன்றும் சரியாக இருக்க வேண்டும். ஹார்ட்ஹாட், அன்வில் இரண்டுக்குமே செயின் ஐடி 31337.

இங்கேதான் முதல் இடறல். மெட்டாமாஸ்க்கின் பல பதிப்புகளில் 'லோக்கல்ஹோஸ்ட் 8545' என்று ஒரு நெட்வொர்க் தயாராக வந்தது. அதற்குள் இருந்த செயின் ஐடி 1337. கனாஷ் என்ற பழைய லோக்கல் செயின் கருவியின் காலத்து எண் அது. பழைய பாடக் குறிப்புகளை வைத்துப் படிக்கிற பிள்ளைகள் இன்னமும் 1337 என்றுதான் போடுகிறார்கள். கனாஷையும் அதனோடு சேர்ந்த ட்ரஃபிள் கருவியையும் நிறுத்துவதாக 2023 செப்டம்பரில் அறிவித்து, அந்த ஆண்டு முடிவதற்குள் மூடியே விட்டார்கள். ஆனால் குறிப்புகளை யாரும் திருத்தவில்லை. கனாஷின் திரைப் பதிப்பு 7545 போர்ட்டில் ஓடும். அந்த 7545, இந்த 1337, ஹார்ட்ஹாட்டின் 31337 எல்லாம் ஒரே நோட்டுப்புத்தகத்தில் கலந்து கிடக்கும். பாவம், பிள்ளைகள் என்ன செய்வார்கள்?

எண் மாறினால் என்ன ஆகும்? ஒவ்வொரு பரிவர்த்தனையும் கையெழுத்தாகும்போது செயின் ஐடியும் அதற்குள் சேர்ந்துவிடும். ஒரு செயினில் போட்ட கையெழுத்தை இன்னொரு செயினில் எடுத்துப்போய்த் திரும்பப் பயன்படுத்தக் கூடாது என்பதற்காக இஐபி 155 (எத்தீரியத்தை மேம்படுத்தும் முன்மொழிவுகளில் ஒன்று) கொண்டுவந்த ஏற்பாடு. 1337 என்று கையெழுத்திட்டு 31337-க்கு அனுப்பினால், இது வேறு செயினுக்குக் கையெழுத்திட்டது என்று நோட் திருப்பி அனுப்பிவிடும். அது நியாயம்தான். நீங்களாக நெட்வொர்க் சேர்க்கும்போது வாலட் முதலில் நோடிடமே செயின் ஐடியைக் கேட்டுப் பார்க்கிறது. பொருந்தவில்லை என்றால் சேர்க்க விடுவதில்லை. இது எனக்கு ரொம்பப் பிடித்த குணம். தவறு அங்கேயே நின்றுவிடுகிறது. ஒன்று மட்டும் கவனிக்க வேண்டும்: நெட்வொர்க்கைச் சேர்க்கிற நேரத்தில் நோட் ஓடிக்கொண்டிருக்க வேண்டும். இல்லாவிட்டால் செயின் ஐடியை எடுக்க முடியவில்லை, முகவரி சரியா பாருங்கள் என்று சொல்லும். முகவரி சரியாகத்தான் இருக்கும், எதிர்முனையில் பதில் சொல்ல ஆள் இருக்காது.

சேர்த்தாகிவிட்டது. அப்புறம் வருகிற குரல் இது:

"அக்கா, பத்தாயிரம் ஈதர்னு சொன்னீங்க, எனக்குப் பூச்சியம்தான் காட்டுது."

வாலட் தானாக உருவாக்கிய கணக்கில் லோக்கல் செயினில் எதுவும் இருக்காது. நோட் திரையில் வந்த பிரைவேட் கீயில் ஒன்றை எடுத்து வாலட்டில் இறக்குமதி செய்தால்தான் அந்தப் பத்தாயிரம் தெரியும். இந்த இடத்தில் ஒன்றை அழுத்திச் சொல்லியாக வேண்டும். அந்த 20 கீயும் உலகத்துக்கே தெரிந்தவை. ஹார்ட்ஹாட், அன்வில் இரண்டும் 'டெஸ்ட்' என்ற சொல் 11 தடவையும் கடைசியில் 'ஜங்க்' என்றும் வருகிற ஒரே சீட் ஃப்ரேஸிலிருந்து (சாவிகள் எல்லாவற்றுக்கும் மூலமான சொல்வரிசை) கணக்குகளை உண்டாக்குகின்றன. உங்கள் மடிக்கணினியிலும் என் மடிக்கணினியிலும் அமெரிக்காவில் ஒருவர் மடிக்கணினியிலும் அதே கணக்குகள். மெயின்நெட்டில், அதாவது உண்மையான எத்தீரியம் செயினில், அந்த முகவரிக்கு உண்மையான ஈதர் ஒரு துளி அனுப்பினாலும் அது போனதுதான், எடுத்துக்கொள்ளத் தானாக ஓடும் நிரல்களான போட்கள் காத்துக்கிடக்கின்றன. அதனால் என் வகுப்பில் முதல் விதி: சோதனைக்குத் தனி பிரவுசர் புரொஃபைல், அதில் தனி மெட்டாமாஸ்க். காசு வைத்திருக்கிற வாலட்டில் சோதனைக் கீயை ஏற்றவே கூடாது. இதில் மட்டும் யாருக்கும் சலுகை கிடையாது.

வீட்டில் பெரியவர்கள் "பிட்காயின்ல பணத்தைப் போடுதானா?" என்று பயந்து என்னைக் கூப்பிட்டுக் கேட்பதும் உண்டு. லோக்கல் செயினில் உள்ள ஈதருக்கு மதிப்பு கிடையாது, விற்க முடியாது, கிரிப்டோ லாபத்துக்கு 2022-இல் வந்த 30 சதவீத வரிக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை என்று சொன்ன பிறகுதான் நிம்மதியாகப் போனை வைப்பார்கள்.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன்.

"நேத்து நல்லா ஓடுச்சுக்கா. இன்னைக்கு ஒண்ணும் ஓட மாட்டேங்கு. கோடுல ஒரு எழுத்துகூட மாத்தல."

இதைச் சொல்கிற பிள்ளை பொய் சொல்லவில்லை. "ராத்திரி நோடை நிறுத்துனியால?" என்று கேட்பேன். நிறுத்தியிருப்பான், இல்லையென்றால் கரண்ட் போய் மேசைக் கம்ப்யூட்டர் அணைந்திருக்கும். ஹார்ட்ஹாட் நோட் எல்லாவற்றையும் நினைவகத்தில்தான் வைத்திருக்கிறது. நிறுத்தினால் செயின் மொத்தமும் போய்விடும். மறுபடி ஓட்டினால் பூஜ்யத்திலிருந்து புதுச் செயின். நேற்றுப் பதிவு செய்த பாய் கிடையாது, கான்ட்ராக்ட் கிடையாது, பரிவர்த்தனை கிடையாது. ஆனால் வாலட்டுக்கு இது தெரியாது. அதே முகவரி, அதே போர்ட், அதே 31337. நேற்றைய செயின் என்றே நினைத்துக்கொண்டிருக்கும்.

எத்தீரியத்தில் ஒவ்வொரு கணக்குக்கும் நான்ஸ் என்று ஓர் எண் உண்டு. அந்தக் கணக்கிலிருந்து இதுவரை எத்தனை பரிவர்த்தனை போயிருக்கிறது என்ற கணக்கு அது, பூஜ்யத்திலிருந்து தொடங்கும். செக் புத்தகத்தில் தாள்கள் வரிசை எண்ணோடு இருப்பது போல என்று வைத்துக்கொள்ளுங்கள். எத்தீரியத்தில் அந்த வரிசை தவறவே கூடாது. நேற்று 7 பரிவர்த்தனை அனுப்பியிருந்தால் வாலட் இன்றைக்கு 7 என்ற நான்ஸோடு அடுத்ததை அனுப்பும். புதுச் செயினோ 0-வை எதிர்பார்த்து நிற்கிறது. 'நான்ஸ் டூ ஹை' என்று திருப்பி அனுப்பிவிடும். எதிர்பார்த்தது 0, வந்தது 7 என்று நோட் ஓடுகிற கறுப்புத் திரையில் தெளிவாகவே எழுதியிருக்கும். ஆனால் பிரவுசர் பக்கத்தில் பல நேரம் தெரிவது 'இன்டர்னல் ஜேசன் ஆர்பிசி எரர்' என்ற பொதுவான வரியும் -32603 என்ற எண்ணும் மட்டும்தான். பிள்ளைகள் பிரவுசரையே பார்த்துக்கொண்டிருப்பார்கள். விடை பக்கத்து ஜன்னலில் கிடக்கும். எந்தக் கோளாறு வந்தாலும் முதலில் நோட் திரையைப் பார் என்று பழக்கிவிட்டால் பாதித் தொல்லை போய்விடும்.

தீர்வு எளிது. வாலட் அமைப்புகளில் அட்வான்ஸ்டு பகுதியில் 'கிளியர் ஆக்டிவிட்டி டேப் டேட்டா' என்று ஒன்று உண்டு. பழைய பதிப்புகளில் 'ரீசெட் அக்கவுன்ட்' என்று இருந்தது. இடமும் பெயரும் பதிப்புக்குப் பதிப்பு கொஞ்சம் மாறும். அதை அழுத்தினால் வாலட் தன் பரிவர்த்தனை ஞாபகத்தை விட்டுவிட்டு நான்ஸை நோடிடமே கேட்டு வாங்கிக்கொள்ளும். கணக்கு போகாது, கீ போகாது, இருப்பு குறையாது. அந்தப் பழைய பெயரைப் பார்த்துப் பயந்து தொடாமலே விட்டவர்கள் நிறைய. பெயரை மாற்றியது நல்ல காரியம்.

சரி, அதையும் செய்தாகிவிட்டது, இன்னமும் ஓடவில்லை என்றால்? நோட் திரையில் 'இன்வேலிட் பிளாக் டேக்' என்று இருக்கிறதா பாருங்கள். நேற்று செயின் 40-ஆம் பிளாக் (பரிவர்த்தனைகள் அடங்கிய தொகுதி) வரை போயிருந்தது, வாலட் இன்றைக்கும் 40-ஆம் பிளாக்கில் இருப்பதைக் கேட்கிறது, புதுச் செயினோ 3-இல்தான் நிற்கிறது. இது நான்ஸ் அல்ல, வேறொரு ஞாபகம். வாலட்டில் வேறு நெட்வொர்க்குக்கு மாறிவிட்டு மறுபடி லோக்கலுக்கு வாருங்கள், இல்லையென்றால் பிரவுசரை முழுக்க மூடித் திறங்கள். சரியாகிவிடும். இந்த இரண்டையும் ஒன்று என்று நினைத்து மணிக்கணக்கில் ஆக்டிவிட்டியை அழித்துக்கொண்டே இருப்பார்கள்.

இதே குழப்பம் இன்னொரு வழியாகவும் வரும். காலையில் ஹார்ட்ஹாட், மாலையில் அன்வில் என்று மாற்றி மாற்றி ஓட்டினாலும் இரண்டும் 31337, இரண்டும் 8545. வாலட்டின் பார்வையில் இரண்டும் ஒன்றே. அன்வில் பக்கம் போகிறவர்களுக்கு ஒரு வசதி, நிறுத்தும்போது நிலையைக் கோப்பில் சேமித்து அடுத்த முறை அதையே ஏற்றிக்கொள்ளலாம். பரிவர்த்தனை அதிகம் உள்ள செய்முறைக்கு நான் அதைத்தான் சொல்கிறேன்.

வாலட்டின் மேல் விழுகிற பழிகளில் ஒன்று முழுக்க அநியாயமானது, அதையும் சொல்லிவிடுகிறேன். கான்ட்ராக்ட்டின் முகவரி, அதை ஏற்றிய கணக்கிலிருந்தும் அந்தக் கணக்கின் நான்ஸிலிருந்தும் கணக்கிடப்படுகிறது. அதனால் புதுச் செயினிலும் அதே கணக்கிலிருந்து அதே வரிசையில் ஏற்றினால் அதே முகவரிதான் கிடைக்கும். பாய்ப் பதிவேட்டை முதலில் ஏற்றினால் எத்தனை தடவை நோடைத் தொடங்கினாலும் முகவரி மாறாது. நம் பிள்ளைகள் இதைப் பார்த்துவிட்டு முகவரி நிரந்தரம் என்று முடிவு கட்டிவிடுவார்கள். ஒருநாள் பதிவேட்டுக்கு முன்னால் இன்னொரு கான்ட்ராக்ட்டை ஏற்றினால் வரிசை மாறும், முகவரியும் மாறும். இணையப் பக்கம் பழைய முகவரியைக் கூப்பிடும். அங்கே வேறு ஏதோ இருக்கும், அல்லது ஒன்றுமே இருக்காது. காலிப் பதில் வரும், அதைப் பிரிக்க முடியவில்லை என்று, பக்கத்தைச் செயினோடு பேசவைக்கிற ஈதர்ஸ் நிரல் நூலகம் கத்தும். மெட்டாமாஸ்க் சரியில்லை என்பார்கள். வாலட் இதில் என்ன செய்ய முடியும்? கேட்ட முகவரியைத்தான் அது கேட்டது. ஏற்றுகிற ஸ்கிரிப்டே முகவரியை ஒரு கோப்பில் எழுதி, பக்கம் அதைப் படித்துக்கொள்ளட்டும். கையால் ஒட்டுகிற வேலையை விடுங்கள்.

சின்னச் சின்னவை வேகமாக. கோப்பை இரண்டு தடவை கிளிக் செய்து நேரே திறந்த பக்கத்தில் மெட்டாமாஸ்க் எட்டிப் பார்க்காது. ஒரு சின்ன சர்வர் வழியாகத் திறக்க வேண்டும். -32002 என்ற எண் வந்தால் முந்தைய அனுமதிக் கேள்வி எங்கோ பதில் இல்லாமல் நிற்கிறது, வேறு ஜன்னலுக்குப் பின்னால் ஒளிந்திருக்கும், தேடிப் பதில் சொல்லுங்கள். 4001 என்றால் நீங்களே மறுத்திருக்கிறீர்கள். ஒரே பிரவுசரில் இரண்டு மூன்று வாலட் எக்ஸ்டென்ஷன் வைத்திருந்தால் எது முந்தும் என்று சொல்ல முடியாது. இஐபி 6963 வந்த பிறகு வாலட்டுகள் தனித்தனியாகத் தங்களை அறிவித்துக்கொள்ள வழி கிடைத்திருக்கிறது, ஆனால் உங்கள் பக்கம் அந்த முறையில் எழுதப்பட்டிருக்க வேண்டும். ஸ்கிரிப்டை ஓட்டுகிற நோட் ஜேஎஸ்ஸில் (இது செயின் நோட் அல்ல) 17-ஆம் பதிப்பிலிருந்து 'லோக்கல்ஹோஸ்ட்' என்று எழுதினால் அது ஐபிவி6 முகவரிக்குப் போய் இணைப்பு மறுக்கப்படலாம். ஸ்கிரிப்டில் 127.0.0.1 என்றே எழுதுவது நல்லது.

கைப்பேசி பற்றியும் கேட்கிறார்கள். மெட்டாமாஸ்க்கின் கைப்பேசிச் செயலியில் 127.0.0.1 என்று போட்டால் அது உங்கள் கம்ப்யூட்டர் அல்ல, கைப்பேசியேதான். கம்ப்யூட்டரின் வைஃபை முகவரியைக் கொடுத்து, நோடையும் 0.0.0.0-இல் கேட்கும்படி ஓட்ட வேண்டும், ஃபயர்வாலும் வழி விட வேண்டும். ஆண்ட்ராய்டு என்றால் கேபிளில் செருகி ஏடிபி ரிவர்ஸ் என்ற கட்டளையைப் போட்டு கைப்பேசியின் 8545-ஐக் கம்ப்யூட்டருக்குத் திருப்பிவிடுவது இன்னும் சுலபம், அப்போது 127.0.0.1 அப்படியே வேலை செய்யும். வகுப்பு வைஃபையில் எல்லாரும் 0.0.0.0 என்று திறந்துவைத்தால் பக்கத்து மேசைக்காரன் செயினில் போய் பாய் பதிந்துவிட்டு வரலாம். நடந்திருக்கிறது. கற்றுக்கொள்ள நல்ல பாடம், ஆனால் கல்லூரி வைஃபையில் வேண்டாம்.

யாருக்கு இது வேண்டாம் என்றும் சொல்ல வேண்டும். கான்ட்ராக்ட் சரியா என்று மட்டும் பார்க்க வேண்டியவருக்கு வாலட்டே தேவையில்லை. ஹார்ட்ஹாட் சோதனைகள் வாலட் இல்லாமலே ஓடும், விநாடிகளில் முடியும். சோதனை எல்லாம் பச்சையான பிறகு, ஓர் ஆள் பக்கத்தைத் திறந்து பட்டனை அழுத்தி ஒப்புதல் தருவது எப்படி இருக்கும் என்று பார்க்கத்தான் மெட்டாமாஸ்க். வாலட்டை முதல் நாளே திறக்கச் சொல்கிற பாடத்திட்டங்கள் பிள்ளைகளை வீணாக வதைக்கின்றன. என் வகுப்பில் வாலட் மூன்றாவது வாரம்தான் வரும்.

அந்த ஒப்புதல் திரைக்காகவே நான் இதற்கு ஐந்துக்கு நான்கு கொடுக்கிறேன். எந்தக் கணக்கிலிருந்து, எந்த நெட்வொர்க்கில், எந்த முகவரிக்கு, எவ்வளவு கேஸ் (பரிவர்த்தனைக் கட்டணம்) என்று நிறுத்தி நிதானமாகக் கேட்கிறது. பதிவேட்டில் பாயை மாற்றும்போது அந்தத் திரையை ஒவ்வொரு வரியாக வாசிக்கச் சொல்வேன். பிற்பாடு உண்மையான காசோடு கையெழுத்துப் போடும்போதும் அப்படியே வாசிப்பார்கள்.

குறைத்த ஒரு மதிப்பெண்ணுக்கும் காரணம் உண்டு. ஹார்ட்ஹாட் நோட் ஒவ்வொரு முறை தொடங்கும்போதும் தனக்கென்று ஒரு புது அடையாள எண் வைத்துக்கொள்கிறது. ஹார்ட்ஹாட் மெட்டாடேட்டா என்ற கேள்வியைக் கேட்டால் அந்த எண்ணைச் சொல்லும். வாலட் இணையும்போது அதை ஒரு தடவை கேட்டு, நேற்றைய எண்ணும் இன்றைய எண்ணும் வேறு என்றால் 'இது புதுச் செயின், பழைய பரிவர்த்தனைகளை மறந்துவிடவா?' என்று ஒரு வரி கேட்டால் போதும். பிளாக் எண் 40-லிருந்து 3-க்குப் பின்னால் போயிருப்பதைக் கவனித்தாலும் போதும். உண்மையான செயினில் அப்படி நடக்கவே நடக்காது. அதைச் செய்துவிட்டால் ஐந்தாவது மதிப்பெண்ணையும் கொடுத்துவிடுவேன்.